எப்படி இயங்குகிறது? பாட்டு வேகும் அறை

ஈப்போ, புந்தோங்கில் என் அக்கா மகன் ஓர் அறை வைத்திருக்கிறான். பத்தடிக்குப் பத்தடி இருக்கும். பழைய மெத்தை ஒன்று சுவரோடு நிமிர்ந்து நிற்கிறது. ஜன்னலைக் கம்பளி மூடியிருக்கிறது. மேசையில் ஒரு கணினி, இரண்டு ஒலிபெருக்கி, ஒரு மைக். விடிகாலை நான்கு மணிக்குத்தான் படுக்கப் போவான். அவன் தாத்தா சுங்கை சிப்புட் பக்கம் ரப்பர்த் தோட்டத்தில் இருந்த காலத்தில் அதே நான்கு மணிக்கு எழுந்து பெரட்டுக்கு, அதாவது ஆள் கணக்கெடுப்புக்கு, நடப்பார். வெயில் ஏறுவதற்குள் வெட்டினால்தான் பால் நன்றாக இறங்கும். இரண்டு தலைமுறையும் ஒரே நேரத்தில்தான் விளக்கைத் தொட்டிருக்கிறது, ஒருவர் போட, ஒருவர் அணைக்க.

அந்த அறையில் பல சனிக்கிழமைகள் நான் சும்மா உட்கார்ந்திருக்கிறேன். பாட வருகிறவள் தைப்பிங்கில் வேலை பார்க்கும் பெண். அவளும் தோட்டத்துப் பேத்திதான். இவன் பீட் போடுகிறான், அவள் பாடுகிறாள், வெளியிலிருந்து பார்த்தால் அவ்வளவுதான். நாள் போகப் போக அது எனக்கு அடுப்படியாகவே தெரிய ஆரம்பித்தது. எனக்குச் சங்கீதத்தைவிடச் சமையல் நன்றாகத் தெரியும் என்பதும் ஒரு காரணம். அதனால் அந்த வழியிலேயே சொல்கிறேன்.

முதலில் ஒரு சொல் தகராறு. தமிழில் 'தயாரிப்பாளர்' என்றால் பணம் போடுகிறவர் என்று சினிமா நமக்குப் பழக்கிவிட்டது. மின்னணு இசையில் 'புரடியூசர்' பெரும்பாலும் பணமே இல்லாதவர். தாளம், அடிநாதம், சத்தங்களின் நிறம், எது முன்னால் எது பின்னால் என்ற அடுக்கு, கடைசியில் எல்லாவற்றையும் கலப்பது, எல்லாம் அவர் கை. சமையற்காரர் என்று சொன்னால் சரியாக இருக்கும். அப்படியானால் பாடுகிறவர் யார்? விருந்தாளியா, காய்கறியா, இன்னொரு சமையற்காரரா? தகராறு முழுக்க இந்தக் கேள்வியில்தான் இருக்கிறது. கடைசியில் அதற்கு வருகிறேன்.

உலை வைப்பதிலிருந்து தொடங்குவோம். இரண்டு விஷயம் முதலில் முடிவாக வேண்டும்: வேகம், சுதி. வேகம் நிமிடத்துக்கு 100 அடி என்றால் ஓர் அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவே 0.6 வினாடி. இது தீயின் அளவு, பாட்டு முழுக்கப் பெரும்பாலும் மாறாது. சுதிதான் சிக்கல். ஒரு தடவை மருமகன் ஒரு வாரம் உட்கார்ந்து பீட்டை முழுதாக முடித்து வைத்திருந்தான். அவள் வந்து இரண்டு வரி பாடிவிட்டு ஹெட்போனைக் கழற்றினாள்.

"அண்ணா, ரொம்ப மேல நிக்குது. கத்துற மாதிரி ஆயிரும்."

"ஆறு கட்டைம்மா. அஞ்சுக்கு எறக்கிப் பாப்பமா?"

இறக்கினார்கள். கணினிக்குள் வாசித்த சுரங்கள் ஒரு சொடுக்கில் இறங்கிவிட்டன, ஏனென்றால் அங்கே இருப்பது வெறும் குறிப்பு. எந்தக் கட்டையில் கேட்டாலும் கருவி புதிதாக வாசித்துத் தரும். உறுமி இறங்கவில்லை. தைப்பூசத்தன்று கல்லுமலை முருகன் கோயிலில் பதிவு செய்து வந்த நிஜ உறுமி அது. இழுத்து இறக்கியதும் அடி மழுங்கி, ஈரத்துணியில் தட்டுவதுபோல் ஆகிவிட்டது. ஒரு வார வேலையில் பாதி வீண். அரிசி பழையதா புதியதா என்று பார்க்காமல் தண்ணீர் வைத்தால் நடப்பது இதுதான். குரல் எந்தக் கட்டையில் வசதியாக உட்காருகிறது என்று தெரிந்துகொண்டு உலை வைப்பதே முறை. இப்போது அவன் முதலில் நான்கு வெவ்வேறு கட்டைகளில் சின்னத் துண்டுகளை மட்டும் வாட்ஸ்அப்பில் அனுப்புகிறான். அவள் பஸ்ஸில் முணுமுணுத்துப் பார்த்துப் பதில் சொல்கிறாள்.

இயந்திரமும் தொண்டையும் ஒரு பானையில் வேகும் என்பது உலகத்துக்குத் திடமாகத் தெரிந்தது 1977இல். ஜெர்மனியின் மியூனிக் நகரில் ஜார்ஜியோ மொரோடர், பீட் பெலாட் என்ற இருவரும் டோனா சம்மர் என்ற அமெரிக்கப் பாடகியோடு சேர்ந்து 'ஐ ஃபீல் லவ்' என்ற பாட்டைச் செய்தார்கள். அடிநாதம் முழுக்க மூக் சிந்தசைசர். அது மூச்சு வாங்காது. அதன் மேல் சம்மரின் குரல் இழுத்து, மிதந்து, மூச்சு விட்டுப் போகும். எரிவாயு அடுப்பு ஒரே சீராக எரிகிறது, மேலே பொங்குவதும் அடங்குவதும் பால். அந்த இரண்டின் உரசல்தான் பாட்டு. பாடகியையும் இயந்திரம் மாதிரி பாட வைத்திருந்தால் இன்று யாரும் அதைப் பேசமாட்டார்கள் என்பது என் கணிப்பு.

அடுத்து பதிவு. அரிசி களைவதைப்போலச் சலிப்பான வேலை, ஆனால் இங்கே விட்டதைப் பிறகு பிடிக்க முடியாது. நல்ல மைக் பாடுவதை மட்டும் கேட்காது. மின்விசிறி, பக்கத்து வீட்டுச் சேவல், கோயில் மணி எல்லாவற்றையும் கேட்கும். மெத்தையும் கம்பளியும் அதற்குத்தான். விசிறியை நிறுத்தியதும் அறையில் ஆவி பறக்கும். மூன்று மணிக்கு மழை தகரக் கூரையில் இறங்கினால் வேலை நிறுத்தம், பசியாறப் போய்விடுவார்கள். சத்தத்தின் அளவு சிவப்புக் கோட்டைத் தொட்டால் அது அடிபிடித்த சோறு. எந்த மந்திரமும் கருகலை எடுக்காது. அதனால் உச்சத்துக்கும் சிவப்புக்கும் நடுவே தாராளமாக இடம் விட்டுப் பதிவு செய்கிறார்கள். கணினி குரலை வாங்கி ஹெட்போனுக்குத் திருப்பித் தர 10, 15 மில்லிவினாடிக்கு மேல் எடுத்தாலும் பாடுகிறவருக்கு உறுத்தத் தொடங்கும், தன் நிழல் தனக்குப் பின்னால் தாமதமாக நடப்பதுபோல.

ஒரு வரியைப் பத்து முறை பாடுவாள். பிறகு இருவரும் உட்கார்ந்து நெத்திலி ஆய்வதுபோல ஆய்வார்கள். மூன்றாவதில் இந்தச் சொல், ஏழாவதில் அந்த இழுப்பு, தலை கிள்ளி, குடல் எடுத்து, ஒரே வரியாகத் தைத்துவிடுவார்கள். இதில் மோசடி எதுவும் இல்லை. ஏ.ஆர். ரஹ்மான் பாடகர்களை விதவிதமாகப் பாடவிட்டு, பிறகு தனியாக உட்கார்ந்து வேண்டியதைத் தேர்ந்தெடுப்பவர் என்பது அவரிடம் பாடியவர்களே பலமுறை சொன்னதுதான்.

இனி கலவை. இங்கே 'கம்ப்ரஸர்' என்று ஒன்று வரும், பலரும் பயப்படுவார்கள். பால் காய்ச்சத் தெரிந்தவருக்கு இது தெரிந்த சங்கதி. பால் விளிம்புக்கு வந்ததும் தீயைத் தணிக்கிறீர்கள், அடங்கியதும் ஏற்றுகிறீர்கள். குரல் ஓர் அளவைத் தாண்டியதும் கம்ப்ரஸர் அமுக்கும், அடங்கியதும் விடும். விளிம்பு எங்கே என்பது ஓர் எண். கை எவ்வளவு வேகமாகத் திருகிக்குப் போகிறது என்பது இன்னோர் எண். எவ்வளவு நேரம் கழித்துத் தீயை ஏற்றுகிறீர்கள் என்பது மூன்றாவது. கை ரொம்ப வேகமாக இருந்தால் 'க', 'ப' மாதிரி வல்லினங்களின் முனை செத்துவிடும், பாட்டில் தமிழ் தெளியாது. ரொம்ப மெதுவாக இருந்தால் பொங்கி வழிந்த பிறகு அடுப்பை அணைத்த கதை.

அடுத்தது வாழையிலை. சோறு நடுவில், கூட்டு ஓரமாக, ரசம் ஓடிப் பாயசத்தில் கலக்காமல் ஓர் அணை. ஒலியிலும் ஒவ்வொன்றுக்கும் இடம் உண்டு. குரலின் அடிப்பகுதியும் உறுமியின் முனகலும் பேஸும் ஏறக்குறைய 100 முதல் 250 ஹெர்ட்ஸ் வரை ஒரே இடத்துக்கு அடித்துக்கொள்கின்றன. உறுமி பொல்லாத வாத்தியம். ஒரு பக்கத் தோலைக் குச்சியால் அடிப்பார்கள், மறுபக்கத்தை வளைந்த குச்சியால் தேய்ப்பார்கள். அந்தத் தேய்ப்பில் சுரம் வழுக்கிக்கொண்டு ஏறி இறங்கும், மாடு உறுமுவதுபோல. கிளப்களில் இளைஞர்கள் நெஞ்சில் கை வைத்துக் கேட்கும் மின்னணு பேஸின் வழுக்கலும் அதே குணம்தான். அதனால் இரண்டையும் ஒன்றாக வைக்கத் தோன்றும். வைத்தால் குரல் மூழ்கும். பாடும்போது உறுமி நிறுத்திக்கொள்ள, அவள் மூச்சு வாங்கும் இடத்தில் உறுமி பேச, அப்படிப் பந்தி போடுவதுதான் வழி. தோட்டத்துத் திருவிழாக்களில் உறுமி மேளக்காரர்கள் பாட்டு வந்ததும் அடங்கிக்கொள்வார்களே, அதே இங்கிதம்.

ஈழத்தமிழ்ப் பின்னணி கொண்ட மாயா அருள்பிரகாசம், அதாவது எம்.ஐ.ஏ., 2007இல் வந்த 'கலா' ஆல்பத்துக்காகச் சென்னையில் மேளக்காரர்களைப் பதிவு செய்தார். 'பேர்ட் ஃப்ளூ' பாட்டில் ஸ்விட்ச் என்ற ஆங்கிலேயப் புரடியூசரோடு சேர்ந்து அந்த உறுமியை மேற்கத்திய மின்னணுத் தாளத்தின் நடுவிலேயே உட்கார வைத்தார். அவர் பாடுவதும் அங்கே மெல்லிசையாக இல்லை, தாளத்தோடு தாளமாகப் பேச்சு. இடத்துக்காகச் சண்டை போடுவதைவிட உறுமியின் வழியிலேயே குரலையும் கொண்டுபோய்விட்டார்கள். அதுவும் ஒரு சமையல்தான், காரம் கொஞ்சம் தூக்கல்.

இப்போது முறுக்கு. புந்தோங் என்றால் கச்சான் பூத்தே: மலாய்க்காரர், சீனர் எல்லாரும் தேடி வரும் நம்மவர் கடலை, முறுக்கு வியாபாரம். அச்சில் மாவைப் போட்டு அழுத்தினால் தட்டில் என்ன துளையோ அந்த வடிவத்தில்தான் வெளியே வரும். பாடும் சுரத்தைத் திருத்தும் ஆட்டோட்யூன் அப்படி ஒரு தட்டு. துளைகள் பன்னிரண்டு சுரங்கள். 1997இல் இதைக் கொண்டுவந்த ஆண்டி ஹில்டெப்ராண்ட் அதற்கு முன் எண்ணெய் தேடும் கம்பெனிகளுக்காக நிலத்தடி அதிர்வுகளைக் கணக்கிட்டவர். பூமிக்குள் எண்ணெய் எங்கே என்று பார்த்த கணிதம் தொண்டைக்குள் சுரம் எங்கே என்று பார்க்க வந்தது. அடுத்த ஆண்டே ஷெர் என்ற பாடகியின் 'பிலீவ்' பாட்டில் அச்சை வேண்டுமென்றே முழுவேகத்தில் அழுத்த, இயந்திரக் குரல் ஒரு மோகமானது.

தமிழ்க் குரலுக்கு இதில் தனிக் கஷ்டம் உண்டு. நம் கமகம் துளைகளுக்கு நடுவில்தான் வாழ்கிறது. தாலாட்டில், ஒப்பாரியில் ஒரு சொல் மேலிருந்து வழுக்கி வந்து சுரத்தைத் தொட்டும் தொடாமலும் நிற்கும். தட்டு அதைப் பார்த்து, 'இது தப்பு' என்று பக்கத்துத் துளைக்குள் தள்ளிவிடும். வழுக்கல் படிக்கட்டாகிறது. ஒரு சனிக்கிழமை அவள் பாட்டியிடம் கேட்டு வந்த ஒரு தாலாட்டு இழுப்பை அப்படித்தான் படிக்கட்டாக்கினான் மருமகன். அவள் இரண்டு முறை கேட்டாள். "பாட்டி பாடுன மாதிரி இல்லண்ணா, லிஃப்ட்ல போற மாதிரி இருக்கு" என்றாள். அவன் சிரித்துவிட்டு முழு வரிக்கும் அச்சை எடுத்தான். நீட்டி நிறுத்தும் இரண்டு சுரத்தில் மட்டும் கையால் லேசாகத் திருத்தினான். அதற்கு ஒரு மணி நேரம் ஆயிற்று. எல்லாவற்றையும் அழுத்திவிடுவது இரண்டு நிமிட வேலை. இன்று வரும் பல பாட்டுகளில் அந்த இரண்டு நிமிடம் நன்றாகவே கேட்கிறது.

தாளிப்பு பற்றி அதிகம் இல்லை. எதிரொலி, கூடத்தின் முழக்கம், இவை கடைசியில் கடுகும் கறிவேப்பிலையும். தாளத்தோடு பொருந்தும் எதிரொலிக்கு 60,000ஐ வேகத்தால் வகுத்தால் மில்லிவினாடி கிடைக்கும், 100க்கு 600. அவ்வளவு போதும்.

கோப்பு அனுப்புவது பற்றி ஒரு வார்த்தை. பாடுகிறவர் ஓர் ஊரில், சமைக்கிறவர் ஓர் ஊரில் இருந்தால் சுருக்காத 'வேவ்' கோப்பாக, எல்லாக் கோப்பும் பாட்டின் முதல் அடியிலிருந்தே தொடங்குவதாக அனுப்ப வேண்டும். எம்பி3 அனுப்பிவிட்டு நல்ல கலவை கேட்பது மோரை அனுப்பித் தயிர் கேட்பது.

ஈப்போ இருக்கும் பேராக்கில் மின்னணு ஒலி நேற்று முளைத்ததல்ல. தோட்டம் துண்டாடப்பட்டு வெளியேறிய தமிழ்க் குடும்பங்களின் கதையைச் சொன்ன, 2015இல் வந்த ஷான்ஜேய் குமார் பெருமாளின் 'ஜகாட்' படத்துக்கு இசை ஈப்போவைச் சேர்ந்த கமால் சப்ரானின் ஸ்பேஸ் கம்புஸ் எக்ஸ்பெரிமென்ட். சோதனை இசைக்காரர்கள். அடுத்த ஆண்டு 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில் அந்தப் படம் சிறந்த மலேசியப் படமானது. அதற்கும் முன், 2006இல், மலேசிய ராப்பர்களான யோகி பியும் நட்சத்ராவும் 'வல்லவன்' ஆல்பம் போட்டார்கள். 1980இல் வந்த 'நிழல்கள்' படத்துக்காக இளையராஜா செய்த 'மடை திறந்து' மெட்டை எடுத்து, புதுத் தாளம் வைத்து, ராப் ஊற்றினார்கள். நேற்றைய குழம்பைச் சுண்டவைத்தால் சில சமயம் நேற்றைவிட ருசிக்கும். மலேசியாவில் சுண்டியது தமிழ்நாட்டுப் பந்திக்கே போனது. அடுத்த ஆண்டு 'பொல்லாதவன்' படத்தில் யோகி பி பாடினார்.

ஆனால் மடை திறந்ததில் மெட்டு யாருடையது என்று யாருக்கும் சந்தேகமில்லை. சினிமா வழக்கமும் அதுதான்: இசையமைப்பாளர் மெட்டுத் தருவார், கவிஞர் சொல் தருவார், பாடகர் பாடிவிட்டுப் போவார். பீட் உலகத்தில் இது தலைகீழ். மருமகன் அனுப்புவது தாளமும் நான்கு ஸ்வரக் கூட்டமும் மட்டும். அதைக் கேட்டுக்கொண்டே அவள் சொல் இல்லாமல் 'ன னா ன' என்று எதையோ முனகுவாள். ஒரு நாள் அப்படித்தான் முனகினாள், அவன் சட்டென்று கையை உயர்த்தி, "அதுதான், அதுதான், திரும்ப" என்றான். அந்த நான்கு அடி முனகல்தான் இன்று அந்தப் பாட்டின் முகம். கேட்கிறவர் வாயில் ஒட்டிக்கொள்வது அதுதான். அப்படியென்றால் மெட்டுப் போட்டவர் யார்? அவள். அட்டையில் என்ன இருந்தது? அவன் பெயர் இசைக்கு, அவள் பெயர் குரலுக்கு. கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. சினிமாவிலிருந்து வந்த பழக்கம். அரிசி அவள் வீட்டிலிருந்து வந்தது என்பதே அவனுக்குத் தோன்றவில்லை.

பெரிய அளவில் இதைத்தான் 'எஞ்ஜாய் எஞ்சாமி' பாட்டு காட்டியது. 2021 மார்ச்சில் மாஜா நிறுவனம் வெளியிட்டது. தீ, அறிவு என்ற இருவரும் பாடினார்கள். புரடியூசர் சந்தோஷ் நாராயணன். அறிவின் பாட்டி வள்ளியம்மாள் இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் திரும்பியவர். பாட்டின் உள்ளே ஓடுவது அந்த வாழ்க்கை. நம் தோட்ட லயங்களில் அது அப்படி ஒட்டிக்கொண்டதில் ஆச்சரியமே இல்லை. தேயிலைக்குப் பதில் ரப்பர், அவ்வளவுதானே. பிறகு ஒரு பத்திரிகை அட்டையில் அறிவு இல்லை என்று 2021இல் ஒரு சர்ச்சை. 2022 ஜூலையில் சென்னை செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அவர் இல்லாமல் பாட்டு மேடையேற, எழுதியதும் மெட்டமைத்ததும் தான் என்று அறிவு பொதுவில் சொன்னார். சந்தோஷ் நாராயணனும் தீயும் இது மூவரின் கூட்டுப் படைப்பு என்று தங்கள் பக்கத்தைச் சொன்னார்கள். 2024 மார்ச்சில், அந்தப் பாட்டிலிருந்து தங்களுக்கு இதுவரை காசு எதுவும் வரவில்லை என்றார் சந்தோஷ் நாராயணன். கோடிக்கணக்கானோர் கேட்ட பாட்டு. யார் சொன்னது சரி என்று தீர்ப்புச் சொல்ல நான் அவர்கள் பாட்டுச் செய்த அறையில் இருந்ததில்லை. ஆனால் ஒன்று தெரிகிறது: உலகமே சாப்பிட்டு முடித்த பிறகுதான் எந்தப் பானை யாருடையது என்ற பேச்சு வெளியே வந்தது.

மலேசியாவில் இந்தப் பங்கு எப்படி என்றால், 1987ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டப்படி மெட்டும் சொல்லும் ஒரு பக்கம், ஒலிப்பதிவு இன்னொரு பக்கம், பாடிய கலைஞரின் உரிமை மூன்றாவது. மெட்டுக்காரருக்கும் பாடலாசிரியருக்கும் வரும் காசை 1989இல் தொடங்கிய எம்ஏசிபி என்ற அமைப்பு வசூலித்துத் தருகிறது. அங்கே 'பாடியவர்' என்று மட்டும் இருக்கிறவருக்கு மெட்டுக்கான பங்கு வராது. இன்னொன்று, பதிப்புரிமையை இன்னொருவருக்கு மாற்றிக் கொடுப்பது எழுத்தில் இருந்தால்தான் செல்லும். "சும்மா வச்சுக்கண்ணா" என்று வாயால் சொன்னது செல்லாது.

இதை மருமகனிடம் எப்படிச் சொல்வது என்று யோசித்தேன். கடைசியில் அவன் தாத்தா சொன்னது கை கொடுத்தது. தோட்டத்தில் பால் வெட்டி முடித்து வாளியோடு ஸ்டோருக்கு வந்தால், முதலில் நிறுவை. பிறகு மெட்ரோலாக் என்ற கருவியைப் பாலுக்குள் விடுவார்கள்; அது மிதக்கும் உயரத்தை வைத்துத் தண்ணீர் எவ்வளவு, ரப்பர் எவ்வளவு என்று பார்ப்பார்கள். கணக்கெழுதும் கிராணி பெயருக்கு நேராக எழுதுவார். அதற்கப்புறம்தான் எல்லார் பாலும் ஒரே தொட்டியில் விழும். அமிலம் ஊற்றி உறைந்துவிட்டால் அதில் யார் பால் எது என்று கடவுளாலும் பிரிக்க முடியாது. படிக்காத தாத்தா எழுதாமல் ஒரு வாளியைக் கவிழ்த்ததில்லை. டிப்ளோமா வாங்கிய பேரன் நான்கு பாட்டை எழுதாமலே கவிழ்த்துவிட்டான்.

அவன் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு அந்த முனகல் பாட்டின் பெயரை ஒரு தாளில் எழுதினான். சொல் முழுக்க அவள், மெட்டில் பாதி அவள், ஒலிப்பதிவில் இருவரும் சரிபாதி. அவள் வாசித்துவிட்டு, "மெட்டுல அறுபது என்னோடது" என்றாள். அறுபது என்று மாற்றினான். இருவரும் கையெழுத்துப் போட்டார்கள்.

நீங்களும் ஒரு பீட்டை யாருக்காவது அனுப்பப் போகிறவராகவோ, யாருடைய பீட்டிலாவது முனகப் போகிறவராகவோ இருந்தால், கோப்பைத் திறப்பதற்கு முன் அந்த மாதிரி ஒரு தாள் எடுங்கள். தேதி, பாட்டின் பெயர், சொல், மெட்டு, ஒலிப்பதிவு, ஒவ்வொன்றுக்கும் எதிரே யாருக்கு எவ்வளவு. வேலை முடியும்போது பங்கு மாறியிருந்தால் மாற்றி எழுதிக் கையெழுத்திட்டு, படம் எடுத்து இரண்டு பேர் கைப்பேசியிலும் வைத்துக்கொள்ளுங்கள்.